கப்பல் அண்ணையின் கெட்ட வார்த்தை

அந்தச் சொல்லை இத்தனை வருடமாக நான் யாரிடமும் சொன்னதில்லை. நாலு பேர் முன்னால் சொல்லக்கூடிய சொல் இல்லை என்பதுதான் காரணம். ஆனால் அதை விட்டுவிட்டு அந்த மனிதரைப் பற்றி எழுத முடியாது. இரண்டு தரம் முயன்று பார்த்துக் கிழித்துப் போட்டுவிட்டேன். ஆகவே முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: கால்ஹட். நடுவில் வரும் எழுத்தை, தொண்டையில் சிக்கிய மீன்முள்ளை வெளியே எடுக்கிற மாதிரிச் செருமிச் சொல்ல வேண்டும். தென்னாபிரிக்காவில் ஆஃப்ரிகான்ஸ் பேசுகிறவர்கள், உடம்பில் ஒட்டுத்துணி இல்லாமல் நிற்கிறவனுக்குச் சொல்லும் தெருச்சொல் அது. நம்முடைய காலுக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை.

கொட்டாஞ்சேனைக்கு அதைக் கொண்டுவந்து இறக்கியவர் கப்பல் அண்ணை. எத்தனையோ வருடம் சரக்குக் கப்பல்களில் ஸ்டூவர்டாக இருந்து, அதிகாரிகளுக்குச் சாப்பாடு பரிமாறி, கேப்டவுன், டர்பன் என்று சுற்றிவிட்டு வந்தவர். மனைவி மக்கள் இல்லை. கீழே ஒரு முஸ்லிம் முதலாளியின் பலசரக்குக் கடை, மேலே ஐந்து அறைகள். அந்த மேல்மாடியை அவர் மொத்தமாக வாடகைக்கு எடுத்து, வடக்கிலிருந்து வந்த எங்களைப் போன்றவர்களுக்கு அறை அறையாக விட்டிருந்தார். தொண்ணூறுகளின் நடுப்பகுதி. நான் புதுக்கடையில் ஒரு வழக்கறிஞரின் அலுவலகத்தில் டைப்பிஸ்ட். தம்பி வெள்ளவத்தையில் கணக்கியல் படித்துக்கொண்டிருந்தான். மேல்மாடியில் பெண் என்று நான் ஒருத்திதான். தம்பி கூட இருந்ததால் ஊர்வாய் மூடியிருந்தது.

வந்து இறங்கிய அன்றே அந்தச் சொல்லைக் கேட்டேன். பெட்டிகளோடு படியேறி வந்த தம்பியை அவர் மறித்தார்.

"தம்பி, ஐசி இருக்கோ?"

"ஓம்."

"பொலிஸ் பதிவு?"

"நாளைக்குத்தான் அண்ணை..."

"அப்ப இண்டைக்கு நீர் கால்ஹட். படியாலை கீழை இறங்கக் கூடாது. பாண் நான் வாங்கித் தாறன்."

அடையாள அட்டையும் பொலிஸ் பதிவுத் துண்டும் இல்லாமல் கொழும்பில் தெருவுக்கு இறங்குகிற தமிழன் துணியில்லாமல் இறங்குகிறான் என்பது அவருடைய கட்சி. வேடிக்கை என்னவென்றால், இப்படி நாள் முழுக்க அம்மணத்தைப் பற்றியே பேசிய அந்த மனிதரின் முழங்கையைக்கூட நாங்கள் யாரும் கண்டதில்லை. சித்திரை வெயிலிலும் முழுக்கைச் சட்டை, கழுத்துப் பொத்தான் வரை பூட்டியிருக்கும். கிணற்றடி மாதிரிப் பின்னால் ஒரு சிமெந்துத் தொட்டி இருந்தது. பெடியன்கள் அங்கே சாரத்தோடு நின்று தண்ணீரை அள்ளி ஊற்றுவார்கள். இவர் மட்டும் வாளியைத் தூக்கிக்கொண்டு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டு குளிப்பார். வெளியே வரும்போது தலைமயிரைத் தவிர வேறெதிலும் ஈரம் தெரியாது.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானங்களில், சமைத்துச் சாப்பிட்ட பிறகு, படிக்கட்டில் உட்கார்ந்து அந்தச் சொல்லுக்கு உரை சொல்லுவார். கேப்டவுனில் மயிரில்லாத ஒரு பீச்பழம் உண்டு, அதைக்கூட அங்கே கால்ஹட் பழம் என்றுதான் கூப்பிடுவார்களாம். வெள்ளைக்காரச் சீமாட்டிகள் சந்தையில் நின்று கூச்சமில்லாமல் அப்படிக் கேட்டு வாங்குவார்களாம். கையில் ஒன்றுமில்லாத ஏழையும் கால்ஹட். பரீட்சைக்குப் படிக்காமல் போய் உட்காருகிறவனும் கால்ஹட். கடற்கரையில் கப்பல்காரப் பெடியன்கள் எல்லாவற்றையும் கழற்றி எறிந்துவிட்டுத் தண்ணீருக்குள் ஓடுவது அசல் கால்ஹட்.

"நீங்களும் ஓடினனீங்களோ?" என்று தம்பி கேட்டான்.

"சீ, நான் கரையிலை நிண்டு உடுப்புக்குக் காவல்," என்றார்.

கீழே கடை முதலாளிக்கும் அந்தச் சொல் ஒட்டிக்கொண்டது. பொருள் சரியாக விளங்காமலே, "இன்டைக்கிப் பால்மா கால்ஹட்!" என்று வாடிக்கையாளர்களுக்குச் சொல்லத் தொடங்கினார். ஒருநாள் பள்ளிவாசலுக்குப் போக வெளிக்கிட்டவர் அதையே உரத்துச் சொல்ல, கப்பல் அண்ணை ஓடிப்போய் அவர் காதுக்குள் பொருளைச் சொன்னார். முதலாளி தலையிலடித்துக்கொண்டதை மேலே நின்று பார்த்துச் சிரித்தேன். அந்த வீட்டில் நான் வாய்விட்டுச் சிரித்த நாட்கள் அதிகமில்லை.

ஏனென்றால் காலையில் அந்தச் சொல் வேறு குரலில் வரும். ஏழு மணிக்கு அவர் படியின் அடியில் நிற்பார். ஒவ்வொருவராக இறங்கும்போது ஒரே கேள்வி: "கால்ஹட்டோ?" சட்டைப் பையைத் தட்டிக் காட்ட வேண்டும். அட்டை, பதிவு, வேலை இடத்துக் கடிதம், மூன்றும் இருக்க வேண்டும். இல்லாவிட்டால் மேலே அனுப்பிவிடுவார். பஸ் போனாலும் சரி, வேலை போனாலும் சரி. எனக்கு எரிச்சல் வரும். வயது வந்த மனிதர்களைப் பள்ளிக்கூடப் பிள்ளைகள் மாதிரி நடத்துகிறாரே என்று தம்பியிடம் புறுபுறுத்திருக்கிறேன்.

பிறகு நடு அறைப் பெடியன் ஒருவனைப் பஸ்ஸிலிருந்து இறக்கிக் கொண்டுபோனார்கள். மூன்று கடதாசியும் அவனிடம் இருந்தன. ஆனால் முழங்காலில் ஒரு தழும்பும் இருந்தது. முழங்கால், முழங்கை, தோள்: இயக்கத்தில் பயிற்சி எடுத்தவனுக்கு அங்கேதான் தோல் உரிந்திருக்கும் என்பது பொலிசின் நினைப்பு. சட்டையைக் கழற்றச் சொல்லித் தேடுவார்கள், பிறகு மிச்சத்தையும். அவனுடைய தழும்பு பள்ளிக்கூடத்து ஓட்டப்போட்டியில் விழுந்தது. அதைச் சொல்லி நம்பவைக்கப் பதினாறு நாள் பிடித்தது. திரும்பி வந்தவன் கப்பல் அண்ணையைக் கண்டதும் அழுதான். அவர் அவனுடைய தலையைத் தடவிக்கொண்டு நின்றார். அன்றைக்கு அந்தச் சொல்லை அவர் ஒருதரமும் சொல்லவில்லை.

அடுத்த சனிக்கிழமை என்னிடம் வந்தார்.

"பிள்ளை, உங்கட கந்தோர் லோயர் ஐயா சமாதான நீதவான்தானே. உடம்பிலை இருக்கிற தழும்பெல்லாத்தையும் எழுதி ஒரு சத்தியக்கடதாசி செய்யேலாதோ? எது எப்ப, எப்பிடி வந்ததெண்டு. பெடியள் அதைப் பொக்கற்றிலை வைச்சிருக்கட்டும்."

செய்யலாம் என்றேன். அந்த நாட்களில் அப்படிக் கடதாசி வைத்திருந்தவர்கள் வேறு இடங்களிலும் இருந்தார்கள். ஊர் ஆஸ்பத்திரியிலிருந்து கடிதம் எடுப்பித்தவர்களும் உண்டு. ஆனால் கப்பல் அண்ணை மாதிரி ஒரு வீட்டுக்கே செய்தவர் இருந்திருக்க மாட்டார். பெடியன்களை ஒவ்வொருவராகத் தன் அறைக்குள் கூப்பிட்டுக் கதவைச் சாத்துவார். நான் வெளியே படியில் கொப்பியோடு உட்கார்ந்திருப்பேன். உள்ளேயிருந்து குரல் வரும்:

"வலது முழங்கால். ஒண்டரை இஞ்சி. சைக்கிள். எழுதினீரோ?"

"ஓம் அண்ணை."

"இடது தோள். அம்மை ஊசி, ரெண்டு. முதுகு, சிராய்ப்பு, வேலி பாய்ஞ்சது. ஏன்ரா வேலி பாய்ஞ்சனீ? சரி, அது வேண்டாம்."

உள்ளே சிரிப்புச் சத்தம் கேட்கும். எனக்குக் காது சுடும். மத்தியான இடைவேளையில் அலுவலகத்தில் அவற்றை ஆங்கிலத்தில் அடித்து வழக்கறிஞர் ஐயாவிடம் நீட்டுவேன். அவர் பெடியன்களை நிறுத்தி, இதில் உள்ளதெல்லாம் உண்மையா என்று கேட்டுவிட்டுக் கையெழுத்து வைப்பார்.

தம்பியின் முறை வந்தது. முழங்கை, முழங்கால், புருவம், அம்மை ஊசி என்று பதினொரு தழும்பு. சின்ன வயதில் அவன் விழாத இடமில்லை.

"வேறை?"

"வேறை இல்லை," என்றான் தம்பி.

என் பென்சில் நின்றது. வேறு ஒன்று இருந்தது. அவனுக்கு ஏழு வயதாக இருந்தபோது பிருட்டத்தில் பெரிய கட்டி வந்து, யாழ்ப்பாணத்து ஆஸ்பத்திரியில் வைத்துக் கீறினார்கள். ஆழமான காயம். அம்மாவால் நிற்க முடியவில்லை. பதின்மூன்று வயதுக்காரி நான்தான் கூட நின்றேன். கதவுக்கு அந்தப் பக்கம் அவன் அதைச் சொல்லவில்லை, அக்கா வெளியே எழுதிக்கொண்டிருக்கிறாள் என்ற கூச்சம். இந்தப் பக்கம் நானும் சொல்லவில்லை. ஒரு பிற ஆம்பிளையிடம், கதவுக்கு வெளியே நின்று, "அண்ணை, பின்னுக்கும் ஒண்டு இருக்கு" என்று எப்படிக் கத்துவது? அவ்வளவு கீழே யார் பார்க்கப் போகிறார்கள் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லி, கோடு போட்டுக் கொப்பியை மூடினேன். அந்தக் கோட்டை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு என்மேல் ஆத்திரம் வருகிறது.

இரண்டு மாதம் கழித்து ஒரு வியாழக்கிழமை, பகல் பதினொரு மணிபோல அலுவலகத்துக்குத் தொலைபேசி வந்தது. கடை முதலாளி. பஸ் நிறுத்தத்தில் தம்பியை ஏற்றிக்கொண்டு போய்விட்டார்கள் என்றார். "தங்கச்சி, பயப்படாம வாங்க," என்றார்.

நான் வந்தபோது கப்பல் அண்ணை குடையோடு கடை வாசலில் நின்றார். தேய்த்த சட்டை. கழுத்து வரை பொத்தான்.

"நான் ஒருக்காப் போய்ப் பாத்திட்டு வந்திட்டன். உள்ளை விடுறாங்களில்லை. எங்கட கடதாசி இன்ஸ்பெக்டரிட்டை இருக்காம். அதாலைதான் பிரச்சினை எண்டு வாசல்காரன் சொல்லுறான். பிள்ளை, நாங்கள் எதையும் விட்டிட்டமோ?"

சொன்னேன். நடுத்தெருவில், குனிந்த தலையோடு, எல்லாவற்றையும் சொன்னேன். அவர் என்னை ஏசுவார் என்று எதிர்பார்த்தேன். ஏசியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"பதினொண்டை எழுதிப்போட்டு ஒண்டை விட்டால், அந்த ஒண்டைத்தானே பாப்பாங்கள்," என்றார் மெல்ல. "ஒண்டுமே எழுதாமல் விட்டிருந்தாலும் இவ்வளவு மோசமில்லை. சரி. இனிக் கடதாசி சரிவராது. நீர் வாயாலைதான் சொல்லோணும். எல்லாருக்கும் முன்னாலை. ஏலுமோ?"

"ஏலும்."

"அப்ப வாரும். இண்டைக்கு நாங்கள் ரெண்டு பேரும் கால்ஹட்."

அந்தப் பொலிஸ் நிலையத்தின் பெயரை எழுத மாட்டேன். ஒரு நீளமான அறை, மேசை, மேசைக்குப் பின்னால் இன்ஸ்பெக்டர், பக்கத்தில் இரண்டு இளம் பொலிஸ்காரர்கள். நான் அடித்த கடதாசி மேசையில் கிடந்தது. பதினொரு வரிக்கும் பக்கத்தில் பேனாவால் அடையாளம் போட்டிருந்தார்கள். ஒவ்வொன்றையும் அவனுடைய உடம்பில் தேடிச் சரிபார்த்திருக்கிறார்கள். பக்கத்து அறைக் கதவு மூடியிருந்தது. தம்பி அதற்குள் இருந்தான் என்று நினைக்கிறேன். சத்தம் ஒன்றும் வரவில்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

இன்ஸ்பெக்டர் சிங்களத்தில் கேட்டார். "அம்மை ஊசி வரைக்கும் எழுதியிருக்கிறீர்கள். ஒன்றை மட்டும் மறைத்திருக்கிறீர்கள். அது ஷெல் துண்டு பட்ட காயம், இல்லையா?"

"இல்லை மாத்தயா. கட்டி. ஆஸ்பத்திரியில் கீறியது."

"எந்த இடத்தில்?"

என்னிடம் அலுவலகச் சிங்களம் இருந்தது. வழக்கு, தவணை, பிணை எல்லாவற்றுக்கும் சொல் தெரியும். இதற்குத் தெரியாது. "வாடிவென தென," என்றேன். உட்காருகிற இடம். இளையவன் ஒருவன் களுக்கென்று சிரித்தான். இன்ஸ்பெக்டர் சிரிக்கவில்லை.

"வலமா, இடமா?"

எவ்வளவு யோசித்தும் தெரியவில்லை. வலம் என்று சொல்லி இடமாக இருந்தால் தம்பி முடிந்தான். ஏதாவது ஒன்றைச் சொல் என்று மனம் அடித்துக்கொண்டது. கப்பல் அண்ணையைத் திரும்பிப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை.

"தெரியாது மாத்தயா," என்றேன். "நான் அவனுடைய தலையைப் பிடித்துக்கொண்டிருந்தேன். பயத்தில் கண்ணை மூடிக்கொண்டேன். அவன் என் கையைக் கடித்தான்."

இன்ஸ்பெக்டர் எழுந்து பக்கத்து அறைக்குள் போனார். கதவு மறுபடி மூடியது. எவ்வளவு நேரம் என்று சொல்லத் தெரியவில்லை. திரும்பி வந்து உட்கார்ந்து, என்னைக் கணக்கிலேயே எடுக்காமல், கப்பல் அண்ணையைப் பார்த்தார்.

"இந்த லிஸ்ட் எல்லாம் நீதானாமே செய்கிறாய். பையன் சொன்னான். உன்னுடையது எங்கே?"

"என்னுடையது இல்லை மாத்தயா."

"ஊருக்கெல்லாம் லிஸ்ட். உனக்கு இல்லையா? கழற்று."

கப்பல் அண்ணை அசையவில்லை. என் வாழ்க்கையில் ஒரு மனிதர் அவ்வளவு அசையாமல் நின்று நான் கண்டதில்லை. மாட்டேன் என்று சொல்லிவிடுவாரோ, சொன்னால் தம்பியின் கதி என்ன என்றுதான் எனக்கு ஓடியது. அவரைப் பற்றி யோசிக்கவே இல்லை. அதையும் சொல்லிவிடத்தான் வேண்டும்.

"பிள்ளை, அங்காலை திரும்பும்," என்றார் தமிழில்.

சுவரைப் பார்த்துத் திரும்பினேன். முதலில் குடையைச் சாய்த்து வைத்த சத்தம். பிறகு பொத்தான்கள், அவசரமில்லாமல், ஒவ்வொன்றாக. சட்டையை உதறி மடிக்கிறார் என்று சத்தத்தில் தெரிந்தது. கப்பலில் மேசைத்துணி மடித்த கை. பெல்ட்டின் கொக்கி. களிசான் துணி உரசியது, அதையும் மடித்தார். சிரித்த இளையவனுடைய மூச்சுச் சத்தம் எனக்குப் பக்கத்தில் கேட்டது. அவன் இப்போது சிரிக்கவில்லை.

"எந்தகன்ன மாமே," என்றார் இன்ஸ்பெக்டர் கடைசியில். உடுத்திக்கொள்ளுங்கள் மாமா. சற்றுமுன் 'கழற்று' என்ற அதே ஆள்தான்.

பின்னேரம் நாலு மணிக்குத் தம்பியை விட்டார்கள். என் பதில் அவனுடைய பதிலோடு பொருந்தியதாலா, கப்பல் அண்ணையின் உடம்பில் அவர்கள் கண்டதாலா என்று எனக்குத் தெரியாது. தம்பி எங்களோடு பேசாமல் பத்தடி முன்னால் நடந்தான். என்னோடு அவன் மறுபடி பேச மூன்று நாளானது. "எல்லாருக்கும் முன்னாலை சொல்லிப்போட்டாய்," என்பதுதான் முதல் வார்த்தை. இப்போது கனடாவில் இருக்கிறான். இதைப் படித்தால் இன்னொரு தரம் கோபிப்பான்.

அதற்கு அடுத்த வாரம், மத்தியான இடைவேளையில், கப்பல் அண்ணை என் அலுவலகத்துக்கு வந்தார். கட்சிக்காரர்கள் இருக்கும் கதிரையில் இருந்தார்.

"என்ரையையும் அடிச்சுப்போடும் பிள்ளை. இனி அதில்லாமல் திரியேலாது."

மெஷினில் தாளைப் பூட்டினேன். பெயர், முகவரி, பயபக்தியுடன் சத்தியம் செய்து கூறுவதாவது என்பது வரை அடித்துவிட்டு அவரைப் பார்த்தேன்.

"என்ரை உடம்பிலை தழும்பு ஒண்டும் இல்லை," என்றார். "அப்பிடி அடியும்."

"அண்ணை..."

"அடியும்."

"இதைத்தானே தம்பியும் செய்தவன். பிடிபட்டால்? நீங்கள்தானே சொன்னனீங்கள், விட்ட ஒண்டைத்தான் பாப்பாங்கள் எண்டு."

அவர் கையிலிருந்த குடையை மடியில் படுக்கவைத்தார்.

"எண்பத்து மூண்டிலை நான் வெள்ளவத்தையிலை இருந்தனான். கலவரத்திலை வீட்டுக்குள்ளை இருந்து இழுத்தெடுத்துக் காலி வீதியிலை விட்டவங்கள். உடுப்பில்லாமல். கையிலை கிடைச்சதாலை எல்லாம் அடிச்சுக்கொண்டு நடத்தினவங்கள். காக்கி போட்ட ரெண்டு பேர் சந்தியிலை பாத்துக்கொண்டு நிண்டவை. எது எப்ப, எப்பிடி வந்ததெண்டு எழுதோணும், என்ன? எழுதினால் அதைத்தானே எழுதோணும். எழுதிப்போட்டு, அந்தக் கடதாசியைக் கொண்டுபோய் அவங்களிட்டையே நீட்டச் சொல்லுறீரோ?"

மெஷினில் இருந்த தாளை நேராக்கினேன்.

"அந்தச் சொல்லு இருக்கே," என்றார், "அது தானாக் கழட்டிப்போட்டுக் கடலுக்கை ஓடுறவனுக்கு. மற்றவன் உரிஞ்சு விட்டால் அதுக்கு என்ன சொல்லெண்டு நான் ஒரு துறைமுகத்திலையும் கேக்கேல்லை. நீர் அடியும் பிள்ளை."

அடித்தேன். ஒரே ஒரு வரி. கண் மங்கி இரண்டு எழுத்துப் பிழைத்து, தாளை மாற்றி மறுபடியும் அடித்தேன்.

வழக்கறிஞர் ஐயா சாப்பிட்டு முடித்துக் கை துடைத்துக்கொண்டு வந்தார். வரியைப் படித்தார். வழக்கமாகக் கேட்கும் கேள்வியைக் கேட்டார்.

"இதிலை உள்ளது எல்லாம் உண்மைதானே?"

"ஓம் ஐயா," என்றார் கப்பல் அண்ணை.

ஐயா கையெழுத்து வைத்து, முத்திரை குத்தி, சாட்சிக்கு என்று தாளை என் பக்கம் தள்ளினார். கப்பல் அண்ணை சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் பேனாவை எடுத்து, என் முழுப்பெயரையும் ஒரு எழுத்து விடாமல் எழுதினேன்.